சாரா மாறி, சார்ந்த மாறி: டியூஷனில் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகள்

பெங்களூரு அல்சூரில், ஏரிக்குப் பக்கத்துச் சந்து ஒன்றில் டியூஷன் எடுக்கிறேன். மாலை ஐந்தரைக்குக் கூடத்தில் பாய் விரித்தால் ஏழாவதிலிருந்து பத்தாவது வரை பதினாலு பிள்ளைகள் வந்து உட்காருவார்கள். வீட்டில் தமிழ், தெருவில் கன்னடம், பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ். எந்தப் பாடத்திலும் வராத சந்தேகம் இந்த இண்டிபெண்டன்ட், டிபெண்டன்ட் வேரியபிளில் வருகிறது. வருஷா வருஷம் அதே கேள்விகள். கேட்பது பிள்ளைகள் மட்டுமல்ல, கூட்டிப்போக வரும் அம்மாக்களும் அப்பாக்களும்தான். நோட்டில் குறித்து வைத்ததை, கேட்டவர்கள் கேட்ட மாதிரியே இங்கே எழுதியிருக்கிறேன். முன்னால் சொன்னதைத் திரும்பச் சொல்லவில்லை, அதனால் வரிசையாகப் படிப்பது நல்லது.

1. மிஸ், இண்டிபெண்டன்ட், டிபெண்டன்ட் ரெண்டுல எது எதுன்னே குழம்புது. ஒரே வரில சொல்லுங்களேன்.

நீங்கள் இஷ்டத்துக்கு எடுத்துக்கொள்ளக்கூடியது இண்டிபெண்டன்ட். அதை எடுத்த பிறகு தானாக வந்து விழுவது டிபெண்டன்ட்.

பூக்காரம்மாவிடம் மூன்று முழம் மல்லிகை கேட்பதா, ஐந்து முழம் கேட்பதா என்பது உங்கள் விருப்பம். முழம் 40 ரூபாய் என்றால், மூன்று என்று சொன்னவுடனே 120 ரூபாய் முடிவாகிவிட்டது. முழம்தான் இண்டிபெண்டன்ட், கொடுக்கும் காசு டிபெண்டன்ட். பேரம் பேசினால் காசு மாறுமே என்று ஒருத்தி கேட்டாள். நல்ல கேள்வி. அதற்கு ஐந்தாவது கேள்வி வரை பொறுக்க வேண்டும்.

2. டீச்சர், நான் தருமபுரி பக்கம் தமிழ் மீடியத்துல படிச்சவ. பிள்ளைக்குச் சொல்லித்தரணும், இதுக்கெல்லாம் தமிழ்ல என்ன பேரு?

வேரியபிள் என்றால் மாறி. இண்டிபெண்டன்ட் வேரியபிள் சாரா மாறி, சில புத்தகங்களில் சார்பற்ற மாறி. டிபெண்டன்ட் வேரியபிள் சார்ந்த மாறி. மாறாமல் நிற்கும் எண் மாறிலி. இரண்டு மாறிகளையும் கட்டிப்போடும் ஃபங்ஷனுக்குச் சார்பு என்று பெயர். ஃபங்ஷன் என்றால் இங்குள்ள பிள்ளைகளுக்குக் கல்யாண மண்டபம்தான் ஞாபகம் வருகிறது. தமிழில் படித்தவர்களுக்கு அந்தத் தொல்லை இல்லை. ஒன்று இன்னொன்றைச் சார்ந்து நிற்கிறது என்பது பெயரிலேயே இருக்கிறது.

நீங்கள் இலக்கணத்தில் சார்பெழுத்து படித்திருப்பீர்கள். 'பாக்கு' என்று சொல்லிப் பாருங்கள், கடைசி உகரம் குறுகிப்போகும். 'பசு' என்று சொல்லுங்கள், குறுகாது. கடைசியில் வரும் உகரம் எவ்வளவு நேரம் ஒலிக்கும் என்பதை அதற்கு முன்னால் என்ன வந்தது என்பது தீர்மானிக்கிறது. குற்றியலுகரத்தை மனப்பாடம் செய்து பரீட்சை எழுதியவர்கள் எல்லோரும் சார்ந்த மாறியை ஏற்கெனவே படித்தவர்கள்தான். அந்த அம்மாவிடம் இதைச் சொன்னபோது வாசலிலேயே நின்று 'பாக்கு, பசு, பாக்கு, பசு' என்று நாலு தடவை சொல்லிப் பார்த்துவிட்டுத்தான் போனார்.

3. கணக்கைப் படிச்சதும் எந்த வார்த்தையைப் பார்த்துக் கண்டுபிடிக்கணும்?

'பொறுத்து', 'ஏற்ப', 'ஒவ்வொரு கிலோவுக்கும்' போன்ற சொற்கள் துப்பு கொடுக்கும். இங்கிலீஷ் புத்தகத்தில் 'பெர்', 'ஃபார் எவ்ரி', 'டிபெண்ட்ஸ் ஆன்'. 'பெர்' என்ற சொல்லுக்குப் பின்னால் வருவது பெரும்பாலும் சாரா மாறி. லிட்டருக்கு 45 கிலோமீட்டர் ஓடும் பைக் என்றால் லிட்டர் சாரா மாறி, தூரம் சார்ந்த மாறி.

பெரும்பாலும் என்றுதான் சொன்னேன், எப்போதும் என்று சொல்லவில்லை. அதே பைக்கில் மைசூருக்குப் போக எத்தனை லிட்டர் போட வேண்டும் என்று கேட்டால் தூரம் கையில் இருக்கிறது, லிட்டர்தான் வெளியே வர வேண்டும். இரண்டும் இடம் மாறிவிட்டன. அதனால் சொல்லைப் பார்த்துவிட்டு அங்கேயே நிற்காதீர்கள், கேள்விக்குறி எங்கே இருக்கிறது என்று பாருங்கள். எதைக் கொடுத்திருக்கிறார்கள், எதைக் கேட்கிறார்கள்? இந்த இரண்டையும் அடிக்கோடு போட்டாலே பாதி கணக்கு முடிந்தது.

பிள்ளைகள் செய்யும் தப்பு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். கணக்கில் முதலில் வரும் எண்ணைச் சாரா மாறி என்றும், பெரிய எண்ணைச் சார்ந்த மாறி என்றும் எடுத்துக்கொள்வார்கள். வரிசைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, அளவுக்கும் சம்பந்தமில்லை.

4. ஆட்டோ கணக்குல 36 இருக்கு, 18 இருக்கு, தூரம் இருக்கு, காசு இருக்கு. நாலுமே வேரியபிளா?

இல்லை. நாலில் இரண்டுதான் மாறி. பெங்களூரில் 2025 ஆகஸ்ட் 1 முதல் ஆட்டோ மீட்டர் கட்டணம் முதல் 2 கிலோமீட்டருக்கு 36 ரூபாய், அதற்கு மேல் ஒவ்வொரு கிலோமீட்டருக்கும் 18 ரூபாய். வாக்கியத்தை அப்படியே கணக்காக எழுதுங்கள்:

கட்டணம் = 36 + 18 × (தூரம் − 2)

இங்கிருந்து மெஜஸ்டிக் பஸ் நிலையம் 7 கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். 36, அதோடு 18 × 5, ஆக 126 ரூபாய். நீங்கள் மெஜஸ்டிக் போகலாம், இந்திரா நகர் போகலாம். தூரம் உங்கள் கையில் இருக்கிறது. கட்டணம் அதன் பின்னால் ஓடுகிறது. 36-உம் 18-உம் நீங்கள் எங்கே போனாலும் அசையாது, அவை மாறிலிகள். 2 கிலோமீட்டருக்குள் இறங்கினால் இந்தச் சூத்திரம் வேண்டாம், நேராக 36. அந்த முதல் 2 கிலோமீட்டரை மறந்துவிடாதீர்கள், பன்னிரண்டாவது கேள்வியில் அது நம்மைக் கவிழ்க்கப் பார்க்கும்.

மாறிலி என்றால் எந்தக் காலத்திலும் மாறாது என்று அர்த்தமில்லை. 2021 டிசம்பரிலிருந்து இதற்கு முன்பு வரை 30-உம் 15-உம் இருந்தன. அப்போது அதே மெஜஸ்டிக் 105 ரூபாய். ஒரு சவாரிக்குள் மாறாது, அவ்வளவுதான். கட்டணம் வருஷத்துக்கு வருஷம் எப்படி ஏறியது என்று கணக்குக் கேட்டால், வருஷம் சாரா மாறியாகி, இந்த 36 சார்ந்த மாறி ஆகிவிடும்.

5. அது சரி மிஸ், யார் மீட்டர் போடறாங்க? 'மீட்டருக்கு மேல இருபது'ங்கறாங்க, 'ஒன்றரை மீட்டர்'ங்கறாங்க. அப்ப டிரைவரோட மூடுதான் இண்டிபெண்டன்ட் வேரியபிளா?

கூடம் முழுக்கச் சிரித்தது. கேட்டவனுடைய அப்பாவே ஆட்டோ ஓட்டுகிறவர், வாசலில் வண்டியில் உட்கார்ந்திருந்தார். அவரும் சிரித்தார். இது வேடிக்கைக் கேள்வி இல்லை என்பதால் அன்றைக்கு முக்கால் மணி நேரம் இதிலேயே போனது.

'மேல இருபது' என்றால் மாறிலி மட்டும் 36-லிருந்து 56-க்கு ஏறுகிறது. கிலோமீட்டருக்கு 18 அப்படியே இருக்கிறது. மெஜஸ்டிக் 146. கிராஃபில் கோடு அதே சாய்வில் கொஞ்சம் மேலே தள்ளிப் போய் நிற்கும். 'ஒன்றரை மீட்டர்' என்றால் 36 என்பது 54 ஆகிறது, 18 என்பது 27 ஆகிறது. மெஜஸ்டிக் 189. இங்கே கோட்டின் சாய்வே கூடிவிடுகிறது. இரண்டிலும் தூரம்தான் சாரா மாறி. டிரைவர் தொட்டது மாறிலிகளை. பூக்காரம்மாவிடம் பேசும் பேரமும் இதுதான். முழம் 40-ஐ 35 ஆக்குகிறீர்கள், அப்புறம் எத்தனை முழம் என்பது தனி விஷயம்.

எது நமக்கு லாபம் என்று கேட்டேன். எல்லோரும் ஒரே குரலில் 'மேல இருபது' என்றார்கள். போட்டுப் பார்க்கச் சொன்னேன். மீட்டரில் 36 மட்டும் ஓடியிருந்தால் ஒன்றரைக்குக் கூடுவது 18 ரூபாய்தான், இருபது கேட்பவருக்கு 20 தர வேண்டும். மீட்டர் 40 ரூபாயைத் தொடும் வரை ஒன்றரை மீட்டர்தான் மலிவு, அதாவது ஏறக்குறைய இரண்டேகால் கிலோமீட்டர் வரைக்கும். அதற்கு மேல் போனால் இருபதே மேல். டிரைவர் அப்பா வாசலிலிருந்து எட்டிப் பார்த்து, "இத்தனை வருஷம் ஓட்டறேன் டீச்சரம்மா, இப்படி நான் பார்த்ததே இல்ல" என்றார். கணக்குத் தெரிந்த பிறகு அவர் எதைக் கேட்கிறார் என்று நான் விசாரிக்கவில்லை.

6. டைம் வந்தா அது எப்பவும் இண்டிபெண்டன்ட்தானே? எங்க ஸ்கூல்ல அப்படித்தான் சொன்னாங்க.

பத்தில் எட்டுக் கணக்குக்கு அது சரி. நேரத்தை யாரும் பிடித்து நிறுத்த முடியாது, அது பாட்டுக்கு ஓடும், மற்றவை அதற்கேற்ப மாறும். மீதி இரண்டு கணக்கில்தான் மார்க் போகிறது.

மொட்டைமாடியில் 1,000 லிட்டர் சின்டெக்ஸ் தொட்டி. அடியில் 200 லிட்டர் தண்ணீர் கிடக்கிறது. மோட்டார் நிமிஷத்துக்கு 25 லிட்டர் ஏற்றும். பத்து நிமிஷம் கழித்து எவ்வளவு தண்ணீர் இருக்கும்? 200 + 25 × 10 = 450 லிட்டர். இங்கே நேரம் சாரா மாறி. இப்போது கேள்வியை மாற்றுங்கள்: தொட்டி நிரம்ப எவ்வளவு நேரம்? 800 லிட்டர் வர வேண்டும், 25-ஆல் வகுத்தால் 32 நிமிஷம். இங்கே எவ்வளவு நிரப்ப வேண்டும் என்பது கையில் இருக்கிறது, நேரம் விடையாக வருகிறது. ஆகவே நேரம்தான் சார்ந்த மாறி.

மோட்டாரைப் போட்டுவிட்டு சீரியல் பார்க்க உட்காருகிற அம்மாவுக்கு இரண்டாவது கேள்விதான் வேண்டும். தண்ணீர் வழிந்து சன்ஷேடில் கொட்டும் சத்தம் கேட்டு ஓடுவதைவிட 32 நிமிஷத்துக்கு அலாரம் வைப்பது நல்லது.

7. எக்ஸ்னா இண்டிபெண்டன்ட், ஒய்னா டிபெண்டன்ட். இதையாவது மனப்பாடம் பண்ணலாமா?

வேண்டாம். அது வழக்கம், விதி இல்லை. தெரியாததற்கு ஆங்கில எழுத்துகளின் கடைசிப் பக்கத்திலிருந்து எக்ஸ், ஒய், இசட் என்று எடுக்கும் பழக்கத்தை 1637-ல் வெளியான தன் புத்தகத்தில் பிடித்து வைத்தவர் பிரான்ஸ் நாட்டுக் கணித அறிஞர் டெக்கார்ட். தெரிந்ததற்கு ஏ, பி, சி. எக்ஸ் பெரியவர், ஒய் அவருக்கு அடங்கியவர் என்று எழுத்துக்கு ஒரு குணமும் கிடையாது.

நான் வேண்டுமென்றே ஒய் கிலோ தக்காளி, எக்ஸ் ரூபாய் என்று கேள்வி கொடுப்பேன். மனப்பாடம் செய்தவர்கள் அங்கே மாட்டுவார்கள். எழுத்தை மறந்துவிட்டு அது நிற்கிற பொருளைப் பாருங்கள்.

8. கிராஃப்ல எது படுக்கையா வரும், எது நிக்கும்?

சாரா மாறி கிடை அச்சில், சார்ந்த மாறி செங்குத்து அச்சில். பரீட்சைக்கு இது போதும்.

பி.யு.சி.யில் (இங்கே பதினொன்றாவது, பன்னிரண்டாவது வகுப்புக்கு அதுதான் பெயர்) காமர்ஸ் எடுத்த அக்காக்கள் வந்து, எங்கள் எகனாமிக்ஸ் புத்தகத்தில் விலை நிற்கிறதே, எத்தனை வாங்குவார்கள் என்பது படுத்திருக்கிறதே என்று குழப்புவார்கள். அவர்கள் புத்தகமும் தப்பில்லை. 1890-ல் வந்த ஆல்ஃபிரட் மார்ஷலின் பொருளாதார நூல் அப்படி வரைந்தது, அந்தத் துறை அதையே பிடித்துக்கொண்டது. விலை ஏறினால் வாங்குவது குறைகிறது என்று பேசும்போது விலைதான் சாரா மாறி, ஆனால் படத்தில் அது நின்றுகொண்டிருக்கும். அச்சை மட்டும் பார்த்து மாறியைத் தீர்மானிக்கக் கூடாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை.

9. எங்கம்மாவுக்கு பஸ்ல டிக்கெட் ஃப்ரீ. எவ்ளோ தூரம் போனாலும் ஜீரோ. மாறவே இல்லாதப்ப அது எப்படி வேரியபிள் ஆகும்?

2023 ஜூனில் வந்த சக்தி திட்டத்தில் கர்நாடகப் பெண்களுக்குச் சாதாரண அரசு பஸ்ஸில் கட்டணம் இல்லை. கண்டக்டர் பூஜ்யம் போட்ட டிக்கெட்டைக் கிழித்துக் கொடுப்பார். சிவாஜி நகரில் இறங்கினாலும் ஒன்றுதான், எலெக்ட்ரானிக் சிட்டி வரை போனாலும் ஒன்றுதான்.

தூரம் இன்னமும் சாரா மாறிதான், அது மாறிக்கொண்டுதான் இருக்கிறது. கட்டணம் சார்ந்த மாறியின் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறது, ஆனால் எழுந்திருக்கவே இல்லை. இதற்கு மாறிலிச் சார்பு என்று பெயர், கிராஃபில் படுத்த கோடு. 'எங்க போனாலும் இருநூறு' என்று சொல்லும் ஆட்டோவும் இதே இனம்தான், பூஜ்யத்துக்குப் பதிலாக 200-இல் படுத்திருக்கும்.

கரண்ட் பில் இன்னும் வேடிக்கையானது. கர்நாடக அரசின் கிருஹ ஜோதி திட்டத்தில் உங்கள் வீட்டுக்குக் குறித்த யூனிட் வரை பில் பூஜ்யம், படுத்த கோடு. அதைத் தாண்டினால் கூடுதல் யூனிட்டுக்குக் காசு, கோடு ஏறுகிறது. மாதத்தில் 200 யூனிட்டையே தாண்டிவிட்டால் முழு பில்லும் தலையில், கோடு அறுந்து மேலே தாவுகிறது. யூனிட்தான் சாரா மாறி என்பதில் எங்கேயும் மாற்றம் இல்லை.

10. ஒண்ணுக்கு மேல இண்டிபெண்டன்ட் இருக்கலாமா?

தாராளமாக. இரவு 10 மணியிலிருந்து காலை 5 மணி வரை ஆட்டோ மீட்டரில் ஒன்றரை மடங்கு, அது சட்டப்படியே உண்டு. கட்டணம் தூரத்தையும் சார்ந்தது, ஏறும் நேரத்தையும் சார்ந்தது. பள்ளிக் கணக்கில் ஒன்றைக் கட்டிப்போட்டுவிட்டு ஒன்றைத்தான் விடுவார்கள். 'பகலில்' என்று ஒரு சொல் கணக்கில் இருந்தால் அது சும்மா வரவில்லை.

11. சயன்ஸ் புக்குல கன்ட்ரோல்டு வேரியபிள்னு மூணாவதா ஒண்ணு வருதே, அது எதுக்கு?

இதற்கு என் சமையலறைக் கதை. சென்னையில் ராத்திரி ஆட்டி வைத்த மாவு காலையில் பாத்திரத்தை விட்டு வெளியே வரும். பெங்களூரில் டிசம்பர் மாதம் ஆட்டினால் காலையில் வைத்த இடத்திலேயே கிடக்கும். குளிரைப் பொறுத்துப் புளிக்கும் நேரம் மாறுகிறது என்று பிள்ளைகளுக்குக் காட்ட ஆசைப்பட்டு, ஒரே மாவை இரண்டு பாத்திரத்தில் ஊற்றினேன். ஒன்று மேடையில், இன்னொன்று ஓவனுக்குள் லைட்டை மட்டும் போட்டு. காலையில் ஓவனில் இருந்தது ததும்பியது, மேடையில் இருந்தது அசையவில்லை. வெப்பம்தான் காரணம் என்று போர்டில் எழுதப் போனேன். ஒன்பதாவது படிக்கிற பெண் ஒருத்தி மேடை மாவை ஒரு சொட்டு நாக்கில் வைத்துவிட்டு, "இதுல உப்பே இல்லையே மிஸ்" என்றாள்.

உண்மைதான். ஓவன் பாத்திரத்தில் உப்புப் போட்டுக் கையால் கலக்கிவிட்டு, ஃபோன் வந்ததால் அடுத்ததை அப்படியே மூடிவிட்டேன். பாத்திரமும் வேறு, ஒன்று எவர்சில்வர், மற்றது பிளாஸ்டிக். வெப்பமா, உப்பா, கை போட்டுக் கலக்கியதா, பாத்திரமா, எது மாவை ஏற்றியது என்று இனி யாரும் சொல்ல முடியாது. நாம் சோதிக்கிற ஒன்றைத் தவிர மீதி எல்லாவற்றையும் ஒரே மாதிரி வைக்க வேண்டும். அப்படிப் பிடித்து வைப்பவைதான் கன்ட்ரோல்டு, தமிழில் கட்டுப்படுத்திய மாறிகள். மறுநாள் ஒரே அளவு உப்பு, ஒரே மாதிரி இரண்டு எவர்சில்வர் தூக்கு, இரண்டிலும் ஒரே கை என்று மறுபடி செய்தோம். மேடை மாவு மதியத்துக்குத்தான் பொங்கியது. இரண்டு நாளும் எங்கள் வீட்டில் இட்லிதான்.

இன்னொன்று. தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கும் என்று படித்த பையன், பள்ளி லேபில் தெர்மாமீட்டர் 97 காட்டியதும் தப்பாகிவிட்டதென்று 100 என்று எழுதிவிட்டு வந்தான். 97 தான் சரி. பெங்களூரு கடல்மட்டத்திலிருந்து சுமார் 920 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. மேலே போகப் போகக் காற்றழுத்தம் குறையும், கொதிக்கும் வெப்பமும் இறங்கும். சென்னைப் பிள்ளைக்கு உயரம் மாறாமல் இருப்பதால் அதை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. ஊரை மாற்றினால் அதுவும் ஒரு மாறி.

12. மூணாவது கேள்வில ரெண்டும் இடம் மாறும்னு சொன்னீங்க. அப்ப எந்தக் கணக்கையும் திருப்பிப் போடலாமா?

சிலவற்றைப் போடலாம். இந்த ஊரில் வீடு தேடியவர்களுக்குத் தெரியும், அட்வான்ஸ் என்றால் பத்து மாத வாடகை என்பது பழைய வழக்கம். வாடகை 15,000 என்றால் அட்வான்ஸ் ஒன்றரை லட்சம். வீட்டுக்காரர் கணக்கில் வாடகை சாரா மாறி. கையில் 1,20,000 மட்டுமே வைத்துக்கொண்டு வீடு தேடுகிறவர் திருப்பிப் போடுவார்: பத்தால் வகுத்து, 12,000 ரூபாய் வாடகைக்கு மேல் நமக்கு எட்டாது என்று. செல்சியஸ், ஃபாரன்ஹீட்டும் இப்படித்தான், எந்தப் பக்கமிருந்தும் போகலாம், ஒரு பக்கத்து எண்ணுக்கு மறுபக்கம் ஒரே ஓர் எண்.

இப்போது ஆட்டோவுக்கு வாருங்கள். 126 கொடுத்தேன் என்றால் 7 கிலோமீட்டர் போனேன் என்று சொல்லிவிடலாம். 36 கொடுத்தேன் என்றால்? அரை கிலோமீட்டரா, ஒன்றா, ஒன்றே முக்காலா? தெரியாது. தூரத்தைச் சொன்னால் காசு ஒன்றுதான், காசைச் சொன்னால் தூரம் பல. ஒரு சாரா மாறிக்கு ஒரே ஒரு சார்ந்த மதிப்புத்தான் வர வேண்டும் என்பது சார்புக்கு நிபந்தனை, அதனால் அந்தப் படுத்த இடத்தில் திருப்பிப் போட முடியாது. அம்மாவின் பூஜ்ய டிக்கெட்டை வைத்துக்கொண்டு அவர் எங்கே போய் வந்தார் என்று கண்டுபிடிக்க முடியாததும் இதனால்தான். ரோல் நம்பரைச் சொன்னால் மார்க் ஒன்று வரும், 72 மார்க் என்று சொன்னால் வகுப்பில் நாலு பேர் கை தூக்குவார்கள்.

பரீட்சையில் 'திருப்ப முடியுமா' என்று நேராகக் கேட்க மாட்டார்கள். கிராஃபைக் கொடுத்துவிட்டு ஏதாவது ஓர் உயரத்தில் கேள்வி கேட்பார்கள். அந்த உயரத்தில் ஸ்கேலைப் படுக்க வைத்துப் பாருங்கள், கோட்டை எத்தனை இடத்தில் தொடுகிறது என்று.

13. ரெண்டும் சேர்ந்து ஏறுது, சேர்ந்து இறங்குது. அப்ப ஒண்ணு இன்னொண்ணைச் சார்ந்ததுன்னு எழுதலாம்தானே?

எங்கள் சந்து முனையில் பஜ்ஜிக் கடை இருக்கிறது. அங்கே கூட்டம் நெரிகிற நாளில் ஆட்டோ கிடைக்காது. ஒரு வாரம் எண்ணிப் பார்த்தால் கணக்கு அழகாகப் பொருந்தும்: பஜ்ஜி விற்பனை ஏற ஏற, ஆட்டோவுக்குக் காத்திருக்கும் நேரம் ஏறும். பஜ்ஜிக் கடையை மூடிவிட்டால் ஆட்டோ கிடைக்குமா? கிடைக்காது. சாயங்காலம் கொட்டுகிற மழைதான் இரண்டையும் ஏற்றுகிறது. மழை சாரா மாறி, பஜ்ஜியும் ஆட்டோவும் இரண்டுமே சார்ந்தவை.

கிராஃப் வரைந்து, பஜ்ஜியைக் கிடை அச்சில் வைத்து, காத்திருக்கும் நேரத்தை ஊகிக்கலாம். ஊகம் சரியாகக்கூட வரும். ஆனால் பஜ்ஜிதான் காரணம் என்று விடைத்தாளில் எழுதாதீர்கள். சந்தேகம் வந்தால் நீங்களே ஒன்றைப் பிடித்து இழுப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். மற்றது கூட வருகிறதா?

14. எனக்கு 12 வயசு, அம்மாவுக்கு 38. அம்மா வயசு = என் வயசு + 26. என் வயசு இண்டிபெண்டன்ட்னா, எங்கம்மா என்னைச் சார்ந்தவங்களா?

ஏழாவது படிக்கிற பையன், கேட்டுவிட்டு அம்மாவையே திரும்பிப் பார்த்தான். கணக்கில் அப்படி எழுதலாம். அவன் வயதைக் கொடுத்து அம்மா வயதைக் கேட்டால் அவன் வயது சாரா மாறி, திருப்பிக் கேட்டால் 26-ஐக் கழித்துத் திருப்பலாம். நிஜத்தில் இது பஜ்ஜிக் கதைதான். இரண்டு வயதையும் ஏற்றுவது காலண்டர். அவன் கேக் வெட்டுவதால் அம்மாவுக்கு வயது ஏறுவதில்லை.

அம்மா வயது அவனுடையதைப்போல் இரண்டு மடங்காவது எப்போது என்று கேட்டேன். அவனுக்கு 26, அம்மாவுக்கு 52 என்று உடனே சொன்னான். அப்புறம் நோட்டை மூடாமல் விரலில் எதையோ எண்ணிக்கொண்டிருந்தான். "மிஸ், அம்மா பர்த்டே ஜூன்ல, எனக்கு அக்டோபர்ல. போன ஆகஸ்ட்ல எனக்கு 11, அம்மாவுக்கு 38. அப்ப வித்தியாசம் 27 ஆச்சே?"

ஆமாம். பிறந்தநாள் முடிந்த முழு எண்ணில் வயதைச் சொன்னால், அம்மாவின் ஜூனிலிருந்து அவனுடைய அக்டோபர் வரை வித்தியாசம் 27, மற்ற மாதங்களில் 26. நாள் கணக்கில் எடுத்தால் அது மாறாது, 26 வருஷமும் சில மாதங்களும் என்று ஒரே இடத்தில் நிற்கும். மாறிலி என்று போர்டில் நான் எழுதிய 26-ஐ அழித்துவிட்டு, பக்கத்தில் 'மாதத்தைப் பொறுத்து' என்று எழுத வேண்டியதாயிற்று.